நட்சாம்ராட் மறுபடி பாத்தேன், இந்த தடவ அழுக வரல, கோவம்தான் வந்துச்சு

தாதர்_ஸ்லோ
ஞாயிறு, இரவு 11:40

மொதல்லயே சொல்லிடறேன், நானா ரசிகர்கள் அடிக்க வராதீங்க. 2016 ஜனவரி 1 இந்த மராத்திப் படம் ரிலீஸ், அன்னைக்கு ஹீரோ நானா படேகருக்கு 65வது பொறந்தநாள் வேற. நான் ரெண்டாவது வாரம் ஆபீஸ் மராத்திப் பசங்களோட போனேன். இன்டர்வெல்லுக்கு அப்பறம் தியேட்டர் பூரா மூக்கு உறிஞ்சற சத்தம்தான், நானும் அழுதேன், வெளிய வந்து ஒருத்தன் மூஞ்சிய ஒருத்தன் பாக்காம ஆளுக்கொரு ட்ரெயின் புடிச்சு வீட்டுக்குப் போயிட்டோம்.

இன்னைக்கு மத்தியானம் அப்பா அம்மாவ உக்கார வெச்சு மறுபடி பாத்தேன். படம் தெரியாதவங்களுக்கு ரெண்டே வரி. கண்பத்ராவ் பேல்வல்கர்னு ஒரு பெரிய மேடை நடிகர், ஷேக்ஸ்பியர் நாடகமெல்லாம் மராத்தில போட்டு ஊரே கொண்டாடின ஆளு, ஓய்வு வாங்கின கையோட இருந்த சொத்த மகனுக்கும் மகளுக்கும் பிரிச்சு எழுதிக் குடுத்துடறாரு. அப்பறம் மகன் வீட்ல ஒத்து வரல, மகள் வீட்டுக்குப் போறாங்க, அங்க பணம் காணாமப் போயி திருட்டுப் பட்டம் விழுது, ராத்திரியோட ராத்திரியா புருஷனும் பொண்டாட்டியும் வெளிய வந்துடறாங்க. பொண்டாட்டி காவேரி செத்துப் போயிடறா, இவரு நடுத்தெருவுக்கு வந்துடறாரு.

எல்லாரும் பிள்ளைங்க பாவிங்கன்னுதான் பேசறாங்க. எனக்கு இந்த தடவ மண்டைல உக்காந்தது காவேரியோட வார்த்தை. முன்னாடி இருக்கற தட்ட வேணா எடுத்துக் குடுத்துடு, உக்காந்திருக்கற மணைய மட்டும் குடுக்காதங்கற மாதிரி. மராத்தில தாட், பாட்னு எதுகையா வரும், கேட்டா மறக்காது. விஷயம் என்னன்னா அந்தம்மா முன்னாடியே சொல்லிட்டா, இவரு கேக்கல. வாய் நெறைய பொண்டாட்டிய 'சர்க்கார்'னு கூப்பிடறாரு, ஆனா சொத்து பிரிக்கறப்ப சர்க்காருக்கு ஒரு ஓட்டு கூட இல்ல. எனக்கு மட்டும்தான் இப்பிடித் தோணுதா?

பாப்கார்ன்_பாண்டி
ஞாயிறு, இரவு 11:52

யோவ் என்னய்யா இது. பெத்தவங்கள தெருவுல விட்டவன விட்டுட்டு விடப்பட்டவன் மேல கேஸ் போடறீங்க. அந்தக் கடைசி சீனப் பாத்தும் கோவம் வருதுன்னா உங்களுக்கு நெஞ்சுல இருக்கறது கருங்கல்லு. தலைவன் நடிப்புக்கு முன்னாடி இந்த ஆராய்ச்சி எல்லாம் தேவையா

புனே_மருமக
திங்கள், காலை 7:15

தாதர் அண்ணா உங்களுக்கு மட்டும் இல்ல. நான் கல்யாணம் ஆகி புனேக்கு வந்த புதுசுல மாமியார் வீட்ல டிவில போட்டாங்க, எல்லாரும் கண்ணத் தொடைச்சிட்டு என்னைய ஒரு பார்வ பாத்தாங்க பாருங்க, ஏதோ நாந்தான் அந்தாள தெருவுல தள்ளின மாதிரி 😐

அந்த மருமக பொண்ண எல்லாரும் திட்டறாங்க. ஆனா யோசிங்க, வீட்ல ஒரு மனுஷன் காலைலேர்ந்து ராத்திரி வரைக்கும் கடைசி வரிசைக்கு கேக்கற குரல்லதான் பேசறாரு. வாயத் தெறந்தா பச்ச பச்சயா கெட்ட வார்த்தை, குழந்தை முன்னாடியே. ஒருத்தர் ஆபீஸ்லேர்ந்து வர்றாங்க, ஒருத்தர் தூங்கணும், எதுவும் கெடையாது, வீடே அவருக்கு அரங்கம், நாம எல்லாம் டிக்கெட் வாங்காத ஆடியன்ஸ். நல்ல மனுஷர்தான், பேத்தி மேல உசிரு, அதெல்லாம் சரி. கூட இருக்கறது வேற விஷயம்.

ஆனா திருட்டுப் பட்டம் கட்டினதுக்கு மன்னிப்பே இல்ல, அதுல நான் படத்தோட பக்கம்தான். அதுவும் கட்டினது பெத்த பொண்ணு. மருமகள மட்டும் திட்டறவங்க அத ஏன் வசதியா மறந்துடறாங்கன்னு தெரியல.

பாப்கார்ன்_பாண்டி
திங்கள், காலை 8:03

சத்தமா பேசினா வெளிய போகணுமா. எங்க தாத்தா கூட சத்தமாதான் பேசுவாரு

புனே_மருமக
திங்கள், காலை 8:05

உங்க தாத்தாவுக்கு யாரு பாண்டி மூணு வேளை சாப்பாடு வெச்சாங்க? நீங்களா?

ஒத்திகை
திங்கள், மதியம் 1:30

சண்ட போடாம கொஞ்சம் கேளுங்க, நான் இருபது வருஷமா மேடைல கெடக்கறவன், நடிகனும் இல்ல டைரக்டரும் இல்ல, லைட்டு போடறவன். அதனால பக்கவாட்டுலேர்ந்துதான் எல்லாரையும் பாத்திருக்கேன்.

இது மொதல்ல படம் இல்ல, நாடகம்னு ஞாபகம் வெச்சுக்கங்க. எழுதினது வி.வா. ஷிர்வாட்கர், கவிதைக்கு வெச்சுகிட்ட பேரு குசுமாக்ரஜ், நாசிக்காரர். அவர் பொறந்தநாள் பிப்ரவரி 27ஐத்தான் மகாராஷ்டிரத்துல மராத்தி மொழி நாளா கொண்டாடறாங்க, அந்த அளவு பெரிய ஆளு. 1970 டிசம்பர் 23 அன்னைக்கு மும்பைல மொத தடவ மேடையேறுச்சு, கோவா ஹிந்து அசோசியேஷன் தயாரிப்பு, டைரக்‌ஷன் புருஷோத்தம் தார்வேகர். பேல்வல்கரா நடிச்சது டாக்டர் ஸ்ரீராம் லாகூ. நெசமாவே டாக்டர், காது மூக்கு தொண்டை. டாக்டர் வேலைய விட்டுட்டு முழு நேர நடிகரா வந்து கொஞ்ச நாள்தான் ஆயிருந்துச்சு, அப்ப அவருக்கு வயசு 43. நல்லா கவனிங்க, 43 வயசு ஆளு ஓஞ்சு போன கிழவரா நின்னாரு. படத்துல நடிச்ச நானாவுக்கு 65 ஆவப் போவுது. ரெண்டும் ஒரே வேலை இல்ல. லாகூ முதுமைய உருவாக்கணும். நானா தன் ஒடம்புல இருக்கறத மறைக்காம விட்டாப் போதும், ஆனா அப்பிடி விடறதும் லேசு இல்ல.

லாகூவுக்கு அப்பறம் தத்தா பட், சதீஷ் துபாஷி, யஷ்வந்த் தத் எல்லாரும் இத போட்டிருக்காங்க. மராத்தி நடிகனுக்கு இது ஒரு மலை மாதிரி, ஏறிக் காட்டணும். ஷிர்வாட்கருக்கு இந்த நாடகத்துக்காகவே 1974ல சாகித்ய அகாதமி விருது குடுத்தாங்க, ஞானபீடம் வந்தது 1987ல.

இப்ப தாதர் கேட்ட கேள்விக்கு வர்றேன். ஷேக்ஸ்பியரோட லியர் ராஜா கத வாடை இதுல அடிக்கும், மறைக்கவும் இல்ல. ஆனா ஒரு வித்தியாசம். லியர் பொண்ணுங்களக் கூப்பிட்டு என்மேல எவ்ளோ பாசம்னு கேட்டு, பதில் அளந்து பாத்துக் குடுக்கறான், அது ஒரு முட்டாள் பேரம். பேல்வல்கர் பேரமே பேசல, தூக்கிக் குடுத்துடறாரு. ஏன்னா அவருக்கு அது சொத்துப் பங்கீடே இல்ல, கடைசிக் காட்சி. கைதட்டு வாங்கிட்டு திரை விழணும். மேடைல திரை விழுந்தா வேஷத்தக் கலைச்சுட்டு வீட்டுக்குப் போலாம், வீட்லயே திரைய இறக்கினா எங்க போறது? நான் பாத்த வயசான நடிகருங்கள்ல பாதிப் பேரு இந்த மாதிரிதான், மேடைக்கு வெளியயும் யாராச்சும் ஸ்பாட் லைட்டு போடுவாங்கன்னு நம்பிகிட்டு இருப்பாங்க. பொய் வேஷம்னு சொல்லல. அவங்களுக்கு வேற மாதிரி இருக்கத் தெரியாது.

மாட்டுங்கா_மாமி
திங்கள், மாலை 4:48

ஒத்திகை சொன்னதுல எனக்கு ஒண்ணு சேக்கணும். எங்க அப்பா லாகூ நடிச்சதப் பாத்தவர். மராத்தி அரைகுறைதான் தெரியும் அவருக்கு, பேங்க்ல கூட வேலை பாத்தவா இழுத்துண்டு போயிருக்கா. திரும்பி வந்து அம்மாகிட்ட, "புரியாத எடத்துலயும் அழுகை வந்துடுத்து"ன்னு சொன்னாராம். எங்காத்துல இது ரொம்ப நாள் பழமொழி மாதிரி ஓடிண்டிருந்தது.

நான் பாத்தது ரொம்ப வருஷம் கழிச்சு வேற நடிகரோட, தாதர் சிவாஜி மந்திர் நாடக அரங்கத்துல. மராத்தி நாடகம் பாக்காதவாளுக்கு சொல்றேன், அது ஒரு தனி உலகம். நாடகம் ஆரம்பிக்கற மூணாவது மணி அடிச்சுட்டா அவ்வளவுதான், பக்கத்து சீட்டு மாமா தொண்டைய கூட செருமிக்க மாட்டார். இடைவேளைல பட்டாட்டா வடா வாங்க ஓடணும், லேட்டாப் போனா தீந்துடும். சூடா ஒரு வடாவ பேப்பர்ல வெச்சுண்டு நிக்கறேன், எனக்கு முன்னாடி ஒரு வயசான மராத்தி தம்பதி. அந்த மாமி வடாவப் பிச்சு பாதிய மாமா கைல குடுத்துட்டு, "நம்ம ஃப்ளாட் என் பேர்லயும் இருக்கு, ஞாபகம் இருக்கட்டும்"னா மராத்தில. மாமா சிரிச்சார். அந்த மாமி சிரிக்கல.

சொத்துப் பிரிச்ச காட்சி அப்பதான் முடிஞ்சிருந்தது.

தாதர்_ஸ்லோ
திங்கள், மாலை 6:20

மாமி 😀 அந்த வடா மாமிக்கு கோயில் கட்டணும்.

மேடைல பாக்காதது எனக்கு குறதான். படத்துல எனக்கு ரொம்பப் புடிச்சது கண்பத்ராவோட சினேகிதரு ராம்பாவு, நடிச்சது விக்ரம் கோகலே. ரெண்டு கிழவங்களும் குடிச்சுட்டு ஒருத்தர ஒருத்தர் திட்டிக்கறதும், நான் பெரிய நடிகனா நீ பெரிய நடிகனான்னு சீண்டிக்கறதும். ஆஸ்பத்திரி கட்டில்ல ராம்பாவு கெடக்கறப்ப ரெண்டு பேரும் கர்ணன் கிருஷ்ணன் வசனம் பேச ஆரம்பிக்கறாங்க பாருங்க, அங்கதான் எனக்கு இந்த தடவயும் தொண்டை அடைச்சுது. நானா பொங்கறாரு, கோகலே கண்ண மட்டும் அசைக்கறாரு. நடிப்புல யாரு பெரியவன்னு அவங்க போட்டி போட்ட கேள்விக்கு அந்தக் கட்டில்லயே பதில் கெடச்சிருச்சோன்னு தோணுச்சு. 2022 நவம்பர்ல கோகலே செத்துப் போனப்ப நான் மொதல்ல தேடி பாத்தது இந்த சீனத்தான்.

ரங்கமார்த்தாண்டா_ரவி
திங்கள், இரவு 9:10

யாரும் தெலுங்கு பத்தி பேசலியே. கிருஷ்ண வம்சி எடுத்தது, 2023 உகாதிக்கு வந்துச்சு, பிரகாஷ் ராஜ், ரம்யா கிருஷ்ணன், இசை நம்ம ராஜா. ராம்பாவு வேஷத்துல பிரம்மானந்தம். காமெடி பீஸுன்னு நெனச்சு உக்காந்தேன், ஆஸ்பத்திரி சீன்ல ஆள அடிச்சுப் போட்டுட்டாரு. சிரிக்க வெச்ச மூஞ்சி அழுதா அதுக்கு வேற கனம். குஜராத்திலயும் சித்தார்த் ராந்தேரியா நடிச்சு ஒண்ணு வந்துச்சு 2018ல.

ரம்யா கிருஷ்ணனப் பத்தி ஒரு விஷயம். அந்தம்மா கண்ணு பெருசு, பேசாம நின்னாலே ஏதோ சொல்ற மாதிரி இருக்கும். அதனால தெலுங்குல பொண்டாட்டி ஏமாந்தவளா தெரியல, எல்லாம் தெரிஞ்சு கூட வந்தவளா தெரியறா. தாதரோட கோவத்துக்கு தெலுங்குல இன்னும் நல்ல தீனி இருக்கு

பாப்கார்ன்_பாண்டி
திங்கள், இரவு 9:31

ஒரிஜினல்தான் கெத்து. ரீமேக் எல்லாம் சும்மா

கருப்பு_கோட்டு
திங்கள், இரவு 10:15

நான் கோர்ட்டுப் பக்கம் இருக்கறவன், படத்தப் பத்தி பெருசா தெரியாது. ஆனா இந்த இழையப் படிச்சதும் கை சும்மா இருக்கல.

1970ல நாடகம் வந்தப்ப பேல்வல்கருக்கு பெருசா வழி கெடையாது. படம் வந்தப்ப இருந்துச்சு. பெற்றோர் மற்றும் மூத்த குடிமக்கள் பராமரிப்புச் சட்டம், 2007. அதுல 23வது பிரிவு. 60 வயசு தாண்டினவங்க தங்களப் பாத்துக்கணும்கற நிபந்தனையோட சொத்த எழுதிக் குடுத்து, வாங்கினவன் பாத்துக்கலன்னா, அந்தப் பத்திரம் ஏமாத்தி வாங்கினதா கருதப்படும், தீர்ப்பாயம் செல்லாதுன்னு சொல்லலாம். சொத்து திரும்பி வரும்.

இதுல வில்லங்கம் 'நிபந்தனையோட'ங்கற வார்த்தைலதான். நெறைய பேரு பாசத்துல எழுதிக் குடுக்கறப்ப நிபந்தனைய எழுத மாட்டாங்க, பெத்த பிள்ளைகிட்ட போய் இதெல்லாமா எழுதறதுன்னு கூச்சம். 2022 டிசம்பர்ல சுப்ரீம் கோர்ட் ஒரு கேஸ்ல, நிபந்தனை இருந்தாத்தான் இந்தப் பிரிவுன்னு இறுக்கிப் புடிச்சாங்க. 2025 ஜனவரில இன்னொரு கேஸ்ல, இது வயசானவங்களக் காப்பாத்த வந்த சட்டம், தாராளமாத்தான் பொருள் கொள்ளணும்னு சொல்லி ஒரு அம்மாவுக்கு சொத்தத் திருப்பிக் குடுத்தாங்க. ஆனா அந்தக் கேஸ்ல பையன் பாத்துக்கறேன்னு எழுதிக் குடுத்த காகிதம் ஒண்ணு இருந்துச்சு. பேல்வல்கர் மாதிரி காகிதமே இல்லாம வசனமா குடுத்தா, கஷ்டம்தான்.

இந்த தீர்ப்பாயத்துல வக்கீல் ஆஜராகக் கூடாதுன்னே அதே சட்டத்துல ஒரு பிரிவு இருக்கு. எங்க பொழப்புல மண்ணு. ஆனாலும் சொல்றேன்.

புனே_மருமக
திங்கள், இரவு 10:40

வக்கீல் சார், படத்துல அந்த மனுஷன் தீர்ப்பாயத்துக்குப் போவாரா? ரோஷக்காரர். கேட்டு வாங்கற ஆளே இல்ல. தெருவுல நின்னு யாராச்சும் வீடு தருவீங்களான்னு கேப்பாரே தவிர தாலுகா ஆபீஸ்ல மனு எழுத மாட்டாரு. காவேரி வேணா போயிருப்பா.

கருப்பு_கோட்டு
திங்கள், இரவு 10:44

அந்தம்மா பேர்ல எதாவது இருந்துச்சா?

புனே_மருமக
திங்கள், இரவு 10:45

அதானே கேள்வி

ஒத்திகை
செவ்வாய், காலை 11:05

அந்த வீடு கேக்கற வசனம் பத்தி ஒரு வார்த்த. அது இப்ப மகாராஷ்டிரத்துல வாடக வீடு தேடறவன், பில்டர்கிட்ட மாட்டினவன் எல்லாம் கிண்டலுக்கு சொல்ற வரியா ஆயிடுச்சு. நாடகத்துல அவரு தனக்கு வீடு கேக்கல, ஒரு புயலுக்கு வீடு கேக்கறாரு. ஓஞ்சு போன புயல், சுவரு இல்லாம கூரை இல்லாம அலையுது. தன்னைய புயல்னு சொல்லிக்கற ஆளு, பாருங்க, பிச்ச கேக்கறப்பயும் எவ்ளோ பெரிய வேஷம் கட்டறாருன்னு. எனக்கு அதுலதான் சிரிப்பும் அழுகையும் ஒண்ணா வரும்.

படத்துல எரிஞ்சு போன ஒரு அரங்கத்துல அவரு போய் உக்காந்திருப்பாரு, அங்கதான் கத ஆரம்பிக்கும். 2024 ஆகஸ்ட்ல கோலாப்பூர்ல கேஷவ்ராவ் போஸ்லேங்கற பழைய நாடக நடிகர் பேர்ல இருக்கற அரங்கம் தீப்புடிச்சு எரிஞ்சப்ப எனக்கு அந்த ஷாட்டுதான் ஞாபகம் வந்துச்சு. ஷாஹு மகாராஜா 1915ல கட்டினது அது. மறுநாள் கேஷவ்ராவ் போஸ்லேவோட பொறந்தநாள், அதுக்கு முந்தின ராத்திரி எரியுது. டிவில வயசான நடிகர்கள் அந்தக் கரிச் சுவத்த பாத்து அழுதாங்க. சினிமாவுல செட்டுன்னு நெனச்சது நேர்ல நடந்துச்சு.

நம்மூருக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்னு யாரோ தனிச்செய்தில கேட்டிருந்தாங்க. மராத்தி நாடகத்துக்கு 1843ல சாங்லில விஷ்ணுதாஸ் பாவே போட்டதத்தான் ஆரம்பம்னு சொல்வாங்க. ஆனா அதுக்கு நூறு வருஷத்துக்கும் முன்னாடியே தஞ்சாவூர்ல மராத்திய ராஜாக்கள் மராத்தில நாடகம் எழுதியிருக்காங்க, சுவடி அங்க சரஸ்வதி மகால் நூலகத்துல இருக்கு. அவ்ளோதான், இதுக்கு மேல பெரும பேச வேணாம், இழை திசை மாறிடும்.

பாப்கார்ன்_பாண்டி
செவ்வாய், மதியம் 2:20

சரி நான் ஒண்ணு ஒத்துக்கறேன். நேத்து ராத்திரி மறுபடி போட்டுப் பாத்தேன், உங்க எல்லார் மேலயும் இருந்த கடுப்புலதான். மகள் வீட்லேர்ந்து கெளம்பற சீன். அவரு ரோஷமா முன்னால நடக்கறாரு, நாம அவரையேதான் பாக்கறோம். பின்னாடி அந்தம்மா வருது. நாலு தடவ பாத்த படம், அந்தம்மாவப் பாத்ததே இல்லன்னு இப்பதான் தெரியுது. அதுக்கும் முடியலன்னு மூஞ்சில தெரியுது, சொல்ல மாட்டேங்குது.

இதுக்காக பிள்ளைங்க நல்லவங்கன்னு சொல்ல மாட்டேன்

மாட்டுங்கா_மாமி
செவ்வாய், மாலை 5:02

யாரும் சொல்லச் சொல்லலியேப்பா பாண்டி. நல்ல பிள்ளை நீ.

மேதா மாஞ்ச்ரேகர் அந்த வேஷத்துக்கு சரியா இல்லேன்னு நிறைய பேர் சொன்னா, டைரக்டர் மகேஷ் மாஞ்ச்ரேகரோட ஆம்படையாள்ங்கறதால குடுத்துட்டாருன்னு பேச்சு. எனக்கு அப்படித் தோணல. வயசு கம்மியா தெரியறா, அது வாஸ்தவம். ஆனா அவ மொகத்துல ஒரு அயர்ச்சி இருக்கு, காலம் பூரா ஒரு கலைஞனுக்கு பின்னாடி ஓடினவாளுக்கு வர்ற அயர்ச்சி. அவர் ராத்திரி ரெண்டு மணிக்கு நாடகம் முடிஞ்சு நாலு பேரக் கூட்டிண்டு வந்தா எழுந்து சமைச்சிருப்பா இல்லையா, அது. நாடகத்துல அவர் போட்ட வேஷம் எல்லாத்துக்கும் பேர் இருக்கு, அவ பண்ணின சமையலுக்கு கணக்கு யார் வெச்சா.

தாதரே, ஒண்ணு கேக்கறேன், தப்பா எடுத்துக்காதே. ஒம்போது வருஷத்துக்கும் மேல ஆச்சு படம் வந்து. இப்ப திடீர்னு ஏன் இந்தக் கோவம்?

தாதர்_ஸ்லோ
செவ்வாய், இரவு 11:58

மாமி புடிச்சுட்டீங்க.

எங்கப்பா ரயில்வேல வேலை பாத்து ரிட்டயர் ஆனவரு, நடிகர் எல்லாம் இல்ல. ஆனா டிப்பார்ட்மென்ட் விழாவுல கட்டபொம்மன் வசனம் பேசி கைதட்டு வாங்கின ஆளு, இன்னமும் கல்யாண வீட்ல மைக்கு கெடச்சா விட மாட்டாரு. நாங்க இருந்த பழைய சால், அதாவது வரிசையா ஒத்த ரூம் வீடுங்க இருக்கற கட்டடம், இடிச்சுக் கட்டற ரீடெவலப்மென்ட்ல போயி இப்ப ஒரு பெட்ரூம் ஃப்ளாட்டு கெடச்சிருக்கு. அந்தப் பழைய சால் ரூமு வாங்கறப்ப அம்மா ரெண்டு வளையல வித்தது எனக்குத் தெரியும், ஆனா காகிதத்துல அப்பா பேரு மட்டும்தான். சாவி வாங்கின அன்னைக்கே சொந்தக்காரங்க எல்லாரும் இருக்கறப்ப எழுந்து நின்னு, "இது என் பெரியவனுக்கு, ஊர்ல இருக்கற நிலம் சின்னவனுக்கு, நான் வெறுங்கையோட வந்தேன் வெறுங்கையோட போவேன்"னு பேசினாரு. எல்லாரும் கை தட்டினாங்க. நானும் தட்டினேன், எனக்குத்தான ஃப்ளாட்டு.

அம்மா அடுப்படில நின்னுகிட்டு இருந்தா. ஒரு வார்த்த பேசல. பால் பொங்கி வழிஞ்சுது, யாரும் பாக்கல, அவளும் பாக்கல.

இப்ப அப்பா தானப் பத்திரம் போடணும்னு அவசரப்படறாரு. மகாராஷ்டிரத்துல பிள்ளைக்கு வீட்ட தானமா எழுதினா ஸ்டாம்ப் டியூட்டி 200 ரூபாதான்னு யாரோ சொல்லி வெச்சிருக்காங்க. அதனாலதான் ஞாயித்துக்கிழம இந்தப் படத்தப் போட்டேன். அப்பா பாத்து முடிச்சுட்டு கண்ணத் தொடைச்சுகிட்டு, "நீ அந்த மாதிரி இல்லடா"ன்னாரு. அந்தாளுக்கு அவ்ளோதான் புரிஞ்சுது. அம்மா எந்திரிச்சுப் போயி துணி மடிக்க ஆரம்பிச்சுட்டா.

கருப்பு_கோட்டு
புதன், காலை 6:50

200 ரூபா உண்மைதான், குடியிருக்கற வீட்ட கணவன், மனைவி, பிள்ளைங்க, பேரப் பிள்ளைங்களுக்கு எழுதினா. மேல உள்ளூர் வரி, பதிவு செலவு தனி. கணவன் மனைவின்னு சொன்னேன் பாருங்க, அதக் கவனிங்க. பிள்ளைக்கு மட்டும் இல்ல அந்த சலுகை.

சின்னதா சொல்றேன். தானப் பத்திரம் பதிவாயிடுச்சுன்னா அன்னைக்கே வீடு உங்களுது, அப்பாவோடது இல்ல. உயில்னா அவரு இருக்கற வரைக்கும் அவரோடது, மனசு மாறினா மாத்திக்கலாம். பத்திரமே போட்டாலும் ரெண்டு பேரும் ஆயுசுக்கும் அங்க வசிக்கற உரிமைன்னு ஒரு வரி போடலாம், உங்கள பாத்துக்கச் சொல்லி நிபந்தனையும் போடலாம், 23வது பிரிவுக்கு அது உயிர். எல்லாத்துக்கும் முன்னாடி பாதிப் பங்க அம்மா பேருக்கு மாத்தறது ஒரு வழி. ஃப்ளாட்டுக்காரங்க சங்கமான சொசைட்டில நாமினியா பேரு போட்டாப் போதும்னு செகரட்டரி சொல்வாரு, நம்பாதீங்க. நாமினி வெறும் காவல்காரன், ஓனர் இல்ல. ரீடெவலப்மென்ட் ஃப்ளாட்டுன்னா ஒப்பந்தத்துல வேற கட்டுப்பாடு இருக்கலாம், காகிதத்தக் கைல வெச்சுகிட்டு ஒரு லோக்கல் வக்கீலப் பாருங்க, இங்க கேட்டத மட்டும் வெச்சு எதுவும் செய்யாதீங்க.

மாட்டுங்கா_மாமி
புதன், காலை 9:30

சட்டம் எல்லாம் சரி. அம்மாகிட்ட என்ன வேணும்னு கேட்டியோ? படத்துல வர்ற அந்த மனுஷன் பண்ணாதத நீயாவது பண்ணேன். சும்மா நீயே தீர்மானம் பண்ணி அவ பேர்ல எழுதி வெச்சு அதுக்கும் ஒரு கைதட்டு வாங்கிக்காதே.

தாதர்_ஸ்லோ
புதன், காலை 9:41

ஐயோ மாமி 🙏

ரங்கமார்த்தாண்டா_ரவி
புதன், மதியம் 12:15

இழைய மொதல்லேர்ந்து படிச்சேன். எங்க வீட்டுப் பத்திரத்துல யார் பேரு இருக்குன்னு எனக்கே தெரியலங்க. அம்மாவுக்கு போன் பண்ணினேன், அவங்களுக்கும் தெரியல

தாதர்_ஸ்லோ
சனி, மதியம் 3:10

கேட்டேன். லேட்டானதுக்கு காரணம், தைரியம் வர மூணு நாள் ஆச்சு.

அப்பா காய் வாங்கப் போனப்ப அடுப்படிலயே ஒரு ஸ்டூல போட்டு உக்காந்து கேட்டேன், அம்மா இந்த ஃப்ளாட்டு விஷயத்துல உனக்கு என்ன தோணுதுன்னு. மொதல்ல எனக்கென்னடா தெரியும்னா. அப்பறம் உங்கப்பா பாத்துக்குவாருன்னா. நான் எந்திரிக்கல. கொஞ்ச நேரம் வெங்காயம் உரிச்சுகிட்டே இருந்துட்டு, "அந்தப் படத்துல அந்தம்மா பேரு என்ன"ன்னு கேட்டா. காவேரின்னேன். "அவ நகை எதுவும் போட்டிருந்தாளா, கடைசில"ன்னா. எனக்கு ஞாபகம் இல்ல, கவனிக்கலன்னேன். "நான் கவனிச்சேன்"னு மட்டும் சொன்னா. என்ன கவனிச்சான்னு சொல்லல.

இன்னைக்குக் காலைல அப்பாவுக்கு தோசை வார்த்துகிட்டு இருக்கறப்ப, திரும்பிப் பாக்காமலே, "ஏங்க அந்த சொசைட்டி சர்டிபிகேட்டு பீரோல பால் கணக்கு நோட்டுக்கு அடியிலதான இருக்கு? அதுல என் பேரயும் சேக்க என்னா செலவாகும்"னு கேட்டா.

அப்பா என்னையப் பாத்தாரு. நான் தட்டப் பாத்தேன். "இது என்ன திடீர்னு, எவன் சொல்லிக் குடுத்தான்"னு குரல ஏத்தினாரு, கட்டபொம்மன் குரல்தான். அம்மா அடுத்த தோசையக் கொண்டு வந்து அவரு தட்டுல வெச்சுட்டு, "செலவுதான கேட்டேன்"னா.

வக்கீல் சார், திங்கக்கெழம லீவு போட்டிருக்கேன், என்னென்ன காகிதம் எடுத்துட்டுப் போகணும்?

கருப்பு_கோட்டு
சனி, மதியம் 3:34

பில்டரோட போட்ட ஒப்பந்தம், ஷேர் சர்டிபிகேட் வந்திருந்தா அது, ரெண்டு பேர் ஆதார், பான், ஃபோட்டோ. அப்பா நேர்ல வரணும், அவர் கையெழுத்து இல்லாம எதுவும் நடக்காது. அம்மாவையும் கூட்டிட்டுப் போங்க.

தாதர்_ஸ்லோ
சனி, மதியம் 3:36

அப்பாவ எப்பிடிக் கெளப்பறதுன்னுதான் தெரியல

பாப்கார்ன்_பாண்டி
சனி, மதியம் 3:50

சப்-ரிஜிஸ்ட்ரார் ஆபீஸ்ல மைக்கு இருக்குன்னு சொல்லுங்க